டிரையரில் எந்தத் துணிக்கு எவ்வளவு சூடு?

ஐப்பசி, கார்த்திகை அடைமழை பிடித்துக்கொண்டால் கீரமங்கலத்தில் பூப் பறிப்பவர்களுக்கு மட்டுமல்ல, துணி காயப்போடுபவர்களுக்கும் திண்டாட்டம்தான். இரண்டு நாள் கொடியில் கிடந்தாலும் ஸ்கூல் யூனிஃபார்மில் ஈர வாடை போகாது. டிரையர் இருந்தால் தேவலை என்று தோன்றுவது அப்போதுதான். ஆனால், சூடு மாறினால் துணி பாழ்!

பிழிவது வேறு, உலர்த்துவது வேறு

செமி ஆட்டோமேட்டிக் மெஷினில் 'டிரையர்' என்று சொல்லப்படும் இரண்டாவது தொட்டி, துணியை வேகமாகச் சுற்றித் தண்ணீரைப் பிழியும், சூடாக்காது. சூடான காற்றில் உலர்த்துபவை தனி டிரையரும், 'வாஷர் டிரையரும்'தான். அந்தச் சூட்டுக்குத்தான் கரன்ட் அதிகம் செலவாகும். எனவே, துணியை நன்றாகப் பிழிந்த பிறகே டிரையரில் போட வேண்டும். நேரமும் பில்லும் குறையும்.

புள்ளியைப் பாருங்கள்

ரெடிமேட் துணியின் உள்ளே தைத்திருக்கும் லேபிளில், சதுரத்துக்குள் வட்டம் இருந்தால் அது டிரையருக்கான குறி.

* ஒரு புள்ளி: குறைந்த சூடு (60 டிகிரி வரை). பாலியஸ்டர் கலந்த யூனிஃபார்ம், சுடிதாருக்கு இது போதும்.
* இரண்டு புள்ளி: சாதாரண சூடு (80 டிகிரி வரை). துண்டு, பெட்ஷீட், கனமான காட்டனுக்கு.
* பெருக்கல் குறி: போடவே கூடாது.

பட்டு, கம்பளி, சரிகை வைத்த துணிகளுக்கு வீட்டு நிழலே நல்லது. புதுக் காட்டன் அதிகச் சூட்டில் சுருங்கும், எலாஸ்டிக் தளர்ந்துவிடும்.

எந்த சைக்கிள்?

'கப்போர்டு டிரை' வைத்தால் துணியை மடித்து அப்படியே அலமாரியில் வைக்கலாம். 'அயர்ன் டிரை' லேசான ஈரத்தோடு நிறுத்தும். இஸ்திரி போடச் சுலபம். வாஷர் டிரையரில் துவைக்கும் அளவும் காயவைக்கும் அளவும் ஒன்றல்ல. 8 கிலோ துவைக்கும் பல மெஷின்கள் 5 கிலோ அளவுக்குத்தான் காயவைக்கும். முழுவதையும் திணித்தால் ஈரம் அப்படியே நிற்கும்.

இதில் அலட்சியம் வேண்டாம்

எண்ணெய் ஊறிய அடுப்படித் துணி, பெட்ரோல் பட்ட துணி இரண்டையும் டிரையரில் போடவே கூடாது. துவைத்த பிறகும் துணியில் தங்கும் எண்ணெய், சூடு ஏறித் தானாகவே தீப்பிடிக்கலாம். கடைசியில் சூடில்லாமல் சுற்றும் சில நிமிடங்களும் வீண் அல்ல, துணியை ஆறவைக்கத்தான். பாதியில் நிறுத்திச் சூட்டோடு குவித்து வைக்காதீர்கள். தனி டிரையரில் பஞ்சு சேரும் வடிகட்டியை ஒவ்வொரு முறையும் சுத்தம் செய்யுங்கள்.

மழை விட்டு வெயில் வந்தால்? கொடி இருக்கிறது, காசும் மிச்சம்!