தகுதி என்னும் தாழ்ப்பாள்

“தகுதி கெட்டது! திறமை செத்தது! தரம் தாழ்ந்தது!”

ஒடுக்கப்பட்டவனுக்கு ஓரிடம் ஒதுக்கப்படும் போதெல்லாம் எழுகின்ற ஒப்பாரி இது. நாட்டுக்கு நாடு மொழி மாறும், மெட்டு மாறாது. 1928-இல் முத்தையா முதலியார் வகுப்புரிமை ஆணையைச் செயலாக்கியபோது சென்னை மாகாணம் இதனைக் கேட்டது. 1951-இல் அவ்வாணை உச்சநீதிமன்றத்தில் வீழ்ந்தபோது ஒப்பாரியே வெற்றி முழக்கமாயிற்று. அவ்வாண்டே அரசியலமைப்புச் சட்டம் முதன்முறையாகத் திருத்தப்பட்டதும் முழக்கம் மீண்டும் ஒப்பாரியாயிற்று. 2018-இல் தென்னாப்பிரிக்க ரக்பி அணிக்கு ஒரு கறுப்பர் தலைவரானபோது, கடல் கடந்த அந்நாட்டிலும் அதே மெட்டு! சாதி பாராட்டும் சனாதனிக்கும் நிறம் பாராட்டும் வெள்ளையனுக்கும் ஒரே உபாத்தியாயர் பாடம் சொன்னாரோ என ஐயுற வேண்டியிருக்கிறது.

சட்டப் புத்தகத்தைப் புரட்டி இதற்கு விடையிறுத்தோர் பலர். நாம் இன்று ஒரு பந்தைக் கையில் எடுப்போம். உருண்டைப் பந்தன்று, முட்டை வடிவப் பந்து.

ரக்பி, நம் இளைஞரிற் பலர் கண்டிராத ஆட்டம். எனினும் சடுகுடு ஆடியவனுக்கு அதன் சாரம் விளங்காமற் போகாது. அணிக்குப் பதினைவர். பந்தைக் கையிலேந்தி ஓடலாம். ஆனால் கையால் முன்னோக்கி எறிதல் கூடாது, பின்னால் வருவோனுக்கே தர வேண்டும். எதிரி பாய்ந்து பிடித்து மண்ணில் வீழ்த்துவான். பதினைவரில் எண்மர் முன்வரிசையினர். தோளோடு தோள் பிணைத்து, தலை தாழ்த்தி, எதிர்ப்படையின் எண்மரை முட்டித் தள்ளுவோர் இவரே. பின்வரிசையினன் ஓடிப் புகழ் கொள்வான். முன்வரிசையினன் மண் தின்று பந்தை மீட்டுத் தருவான். உழைப்பாளி வரிசை எனலாம். அவ்வரிசையில் ஆறாம் எண் அணிந்து நின்றவரே நாம் பேசப்போகும் சியா கொலிசி.

“எங்கோ ஆடும் ஆட்டம், நமக்கென்ன?” என்பார்க்கு ஒரு செய்தி. இங்கிலாந்தும் ஸ்காட்லாந்தும் 1879 முதல் இவ்வாட்டத்தில் போட்டியிட்டு வரும் கோப்பையின் பெயர் கல்கத்தாக் கோப்பை. கல்கத்தாவிலிருந்த வெள்ளையர் சங்கம் கலைந்தபோது, கணக்கில் மிஞ்சிய வெள்ளி ரூபாய்களை உருக்கிச் செய்தனர், கைப்பிடிகளோ நாகப்பாம்புகள்! நம் மண்ணின் காசு உருகிற்று; நம் மண்ணின் மைந்தனுக்கோ அந்தச் சங்கத்தில் இடமில்லை.

தென்னாப்பிரிக்காவின் கதை இதனினும் கொடிது. அங்கே ரக்பி வெள்ளையரின் மதமாகவே விளங்கிற்று. 1860 நவம்பரில் டர்பன் துறையில் கரும்புத் தோட்டக் கூலிகளாக இறங்கினரே நம் தமிழர், அவர்தம் பேரப்பிள்ளைகளும் கறுப்பின மக்களும் அவ்வாட்டத்தைக் காண விரும்பினால், அரங்கின் மூலையில் அடைக்கப்பட்ட பகுதியிலிருந்து காணலாம். அம்மூலையில் இருந்தோரிற் பலர் சொந்த நாட்டு அணி தோற்க வேண்டுமென்று எதிரணிக்குக் கைதட்டினர் என்பது வரலாறு. தேசபக்தி இல்லாதவர்கள் என ஏசுவோரை வினவுகின்றோம்: வாயிற்படியில் நிறுத்தப்பட்டவன் வீட்டின் அழகை ஏன் போற்ற வேண்டும்?

உலகம் வாளாவிருக்கவில்லை. 1974-இல் டேவிஸ் கோப்பை இறுதிப் போட்டியில் நிறவெறி நாட்டோடு மோத மறுத்து, கைக்கெட்டிய கோப்பையை இந்தியா துறந்தது. சென்னையின் அமிர்தராஜ் உடன்பிறப்புகள் அணியிலிருந்த காலம் அது. 1976-இல் நியூசிலாந்து ரக்பி அணி அங்கே சென்று ஆடியதற்காக, மாண்ட்ரியல் ஒலிம்பிக்கை ஆப்பிரிக்க நாடுகள் பல புறக்கணித்தன. 1987, 1991 ஆகிய இரு உலகக் கோப்பைகளிலும் தென்னாப்பிரிக்காவுக்கு இடமில்லை. டேவிஸ் கோப்பையைத் துறந்த செயல் பாராட்டுக்குரியதே. ஆனால் அதே 1974-இல் நம் ஊர்த் தேநீர்க் கடைகளில் இரட்டைக் குவளை இருந்ததே! வெளிநாட்டு நிறவெறியைக் கண்டிக்க விரைந்த நாக்கு, உள்ளூர்ச் சாதிவெறியைக் கண்டிக்க ஏன் தடுமாறிற்று?

இனிக் கொலிசியின் கதை. 1991 ஜூன் 16, அவர் பிறந்த நாள். மறுநாள், ஜூன் 17 அன்று, மனிதரைப் பிறப்பால் பிரித்துப் பதிவேட்டில் எழுதிய மக்கட்பதிவுச் சட்டத்தை அந்நாட்டுப் பாராளுமன்றம் நீக்கிற்று. சட்டம் சாய்ந்தது. சேரி சாய்ந்ததா? இல்லை. போர்ட் எலிசபெத் நகரையடுத்த ஸ்வீடே என்னும் கறுப்பர் குடியிருப்பில், பிறர் வீட்டு அடுக்களையைத் துடைத்துப் பிழைத்த பாட்டியின் வளர்ப்பில் வளர்ந்தார் அவர். ஒரு செங்கல்லே விளையாட்டுக் கார். பள்ளியில் கிடைத்த ரொட்டியே அன்றைய உணவாக முடிந்த நாள்களும் உண்டு என அவரே கூறியுள்ளார். பன்னிரண்டு வயதில் தேர்வுப் போட்டிக்குச் சென்றபோது ஆட்டத்திற்குரிய கால்சட்டை இல்லை, உள்ளாடையோடு ஓடினார்.

அவ்வோட்டத்தைக் கண்டவர்கள் கிரே பள்ளியில் உதவித்தொகையோடு இடம் தந்தனர். 1856-இல் தோன்றிய பெரும் பள்ளி. பச்சைப் பசேலென்ற திடல்கள், தேர்ந்த பயிற்சியாளர், மூன்று வேளை உணவு. பையன் மாறவில்லை, தோழர்களே! அதே கால், அதே தோள், அதே இரத்தம். மாறியது தட்டிலிருந்த சோறும் காலடியிலிருந்த புல்லும் மட்டுமே. அவை மாறியதும், நேற்றுவரை இல்லையென்று சாதிக்கப்பட்ட ‘திறமை’ எங்கிருந்து வந்தது? ஆண்டவன் அனுப்பினானா, அஞ்சலில் வந்ததா?

2013 ஜூனில் ஸ்காட்லாந்துக்கு எதிராக நாட்டின் அணியில் முதன்முதலாக இறங்கினார். ஆட்டம் தொடங்கிய சில நிமிடங்களிலேயே ஒருவர் காயமுற, மாற்றாளாக நுழைந்து, ஆட்ட நாயகன் விருதோடு வெளிவந்தார். 2018-இல் பயிற்சியாளர் ராசி எராஸ்மஸ் அவரைத் தலைவராக்கினார். நூறாண்டுக்கு மேற்பட்ட வரலாற்றில் முதல் கறுப்புத் தலைவர்! “நிறத்துக்காகத் தந்த பதவி” என்றனர் தகுதிவாதிகள். ஜூன் 9, ஜோகனஸ்பர்க்கின் எல்லிஸ் பூங்கா அரங்கு. எதிரே இங்கிலாந்து. தொடக்கத்திலேயே 24–3 எனப் பின்தங்கினர். ஒப்பாரிக் குழுவினர் தொண்டையைச் செருமிக்கொண்டிருப்பர்! ஆட்டம் முடிந்தபோது 42–39. வென்றது கொலிசியின் அணி.

அடுத்த ஆண்டு நிகழ்ந்ததைச் சற்று விரிவாகவே சொல்ல வேண்டும். தகுதிவாதிகளின் தலையில் விழுந்த பேரிடி அது. 2019 நவம்பர் 2, யோகோஹாமாவில் உலகக் கோப்பை இறுதிப் போட்டி. 1995-இல் கோப்பை வென்ற அணியின் பதினைவரில் வெள்ளையரல்லாதார் ஒரேயொருவர், செஸ்டர் வில்லியம்ஸ். 2007-இல் இருவர். 2019-இல் அறுவர். ‘ஆறு பேரா! அணி அழிந்தது’ என்றன்றோ அவர்கள் கணக்குப்படி ஆகியிருக்க வேண்டும்? இங்கிலாந்தை 32–12 என வீழ்த்தினர். இன்னொன்றையும் குறித்துக்கொள்க. கோட்டைக் கடந்து பந்தைத் தரையில் ஊன்றுவதே இவ்வாட்டத்தில் உச்சச் செயல், ‘ட்ரை’ என்பர். 1995-இலும் 2007-இலும் இறுதிப் போட்டியில் தென்னாப்பிரிக்கா ஒரு ட்ரையும் பெறாமல், உதைத்தெடுத்த புள்ளிகளாலேயே வென்றது. 2019-இலோ இரண்டு. ஒன்று மகாசோலே மபிம்பி, மற்றொன்று செஸ்லின் கொல்பே. இருவரும் வெள்ளையரல்லாதார்! உதைத்து இருபத்திரண்டு புள்ளி குவித்த ஹாண்ட்ரே பொலார்டு வெள்ளையர். அவர் திறத்தையும் மறைக்க வேண்டிய தேவை நமக்கில்லை. கதவைத் திறந்ததால் உள்ளே இருந்தவன் குறைந்துவிடவில்லை. வெளியே இருந்தவனும் வந்து சேர்ந்தான்.

2023-இல் முழங்கால் தசைநார் கிழிந்து, அறுவை செய்து, சில திங்களில் மீண்டு, மீண்டும் தலைமை ஏற்றார். காலிறுதி, அரையிறுதி, இறுதி மூன்றையும் ஒவ்வொரு புள்ளியில் வென்று, அக்டோபர் 28 அன்று பாரிசில் நியூசிலாந்தை 12–11 எனச் சாய்த்துக் கோப்பையை இரண்டாம் முறை தூக்கினார். கூலித்தமிழர் கரையேறிய அதே டர்பனின் ஷார்க்ஸ் அணிக்கு 2021-இல் வந்து, பின் பாரிசின் ராசிங் அணியில் ஓராண்டு ஆடி, 2024-இல் டர்பனுக்கே திரும்பினார். மூலையில் அடைத்து வைத்த அரங்கில் இன்று நடுத்திடலே அவர் களம்.

எதிரிகள் ஓர் ஆயுதம் வைத்திருக்கின்றனர். அதை மறைத்து வாதாடுதல் பகுத்தறிவாளர் பண்பன்று. “கொலிசியே ஒதுக்கீட்டை விரும்பவில்லையே!” என்பர். உண்மை. 2019 உலகக் கோப்பைக்குள் அணியில் பாதி வெள்ளையரல்லாதார் எனத் தென்னாப்பிரிக்க ரக்பிச் சங்கம் இலக்கு வகுத்திருந்தபோது, நிறத்துக்காகத் தேர்ந்தெடுக்கப்படுவதைத் தாம் விரும்பவில்லை எனக் கொலிசி கருத்துரைத்தார். ஆனால் அத்தோடு நிறுத்தினாரா? மாற்றம் மேலே தொடங்கினால் போதாது, அடியில், சேரிப் பள்ளியில் தொடங்க வேண்டும். நல்ல பள்ளிக்குச் செல்லாதிருந்தால் நல்ல உணவும் கிட்டியிராது, இந்த வளர்ச்சியும் வந்திராது என்பதன்றோ அவருரையின் மறுபாதி! முற்பாதியை மேடைதோறும் முழங்குவோர், பிற்பாதியை விழுங்கியது ஏன்? ஒதுக்கீடு வேண்டாமென்பவர், சேரிக்குக் கிரே பள்ளியைக் கொண்டு வந்துவிட்டு அதைச் சொல்லட்டும். அதுவரை, வாயிலில் நிற்பவனை ‘மாடி வழியாக வா’ என்பது ஏமாற்று.

அயல்நாட்டை விடுவோம். பல்வங்கர் பாலுவை அறிவீர்களா? பூனாவில் வெள்ளையர் சங்கத்தின் திடலைச் செப்பனிடும் வேலையாள், சமார் சாதி. வலையில் பந்து வீசி வீசி வல்லவரானார். இந்துக்கள் அணி அவரைச் சேர்த்துக்கொண்டது; வெல்ல வேண்டுமே! திடலில் அவர் தொட்ட பந்தைத் தொட்டனர். தேநீர் வேளையிலோ அவருக்கு வெளியே, தனியே, மட்குவளையில். பந்துக்கு இல்லாத தீட்டு பீங்கானுக்கு எப்படி வந்ததோ, அதை அந்தச் சாத்திரிகளே விளக்க வேண்டும். 1911-இல் இங்கிலாந்துப் பயணத்தில் நூற்றுக்கு மேற்பட்ட விக்கெட்டுகளை வீழ்த்தியவர் அவர். தகுதிக்கு இதைவிடச் சான்று வேண்டுமா? ஆனாலும் அணித்தலைமை அவருக்குக் கிட்டவில்லை. தம்பி விட்டலுக்கு 1923-இல்தான் கிட்டிற்று. தகுதி இருந்தபோது தகுதிவாதிகள் எங்கே போயிருந்தனர்?

நமக்கு அருகே, சேலம் மாவட்டத்துச் சின்னப்பம்பட்டி. கொலிசி பிறந்த அதே 1991-இல் பிறந்தவர் நடராசன். தந்தை தறித் தொழிலாளி. தாய் சாலையோரத்தில் கோழி வறுவல் விற்றவர். இருபது வயதுவரை டென்னிஸ் பந்தில் ஆடியவர். 2020-இல் ஆஸ்திரேலியாவுக்கு அவரை அழைத்துச் சென்றது, பெரியவர்கள் பயிற்சி பெற வலையில் பந்து வீசுவதற்காக! அணியின் பந்துவீச்சாளர் ஒவ்வொருவராகக் காயமுற்றனர். கதவு தற்செயலாய்த் திறந்தது. ஒரே பயணத்தில் மூவகை ஆட்டத்திலும் அறிமுகமான முதல் இந்தியர் என 2021 சனவரியில் பிரிஸ்பேன் டெஸ்ட் போட்டியில் பெயர் பொறித்தார். கேட்கின்றோம்: அவர்கள் காயமுறாதிருந்தால்? நடராசனின் தகுதி வலையோடு முடிந்திருக்கும். “கிராமத்தானுக்கு வராது” என்னும் பழமொழி வாழ்ந்திருக்கும். நம் பிள்ளைகள் முன்னேறப் பிறர் கால் ஒடிய வேண்டும் என்பதா நாட்டின் நியதி?

நாம் பாடஞ்சொல்வது திருப்பூரில். தறிகெட்டு வளர்ந்த ஊர். வையகமே உடுத்தும் பின்னலாடையை நெய்து தரும் ஊர். பள்ளி மணி அடிப்பதற்கு முன்பே பனியன் கம்பெனி வேன்கள் ஆளேற்றிச் செல்லும். பத்தாம் வகுப்பை எட்டாமலே கைமடிக்கும் செக்கிங்கிற்கும் போய்ச் சேரும் பிள்ளைகளை ஆண்டுதோறும் காண்கின்றோம். நூறு மீட்டரை நொடியில் விழுங்கும் கால்கள் அவர்களிற் பலருக்கு. பள்ளிக்கோ திடலில்லை, இருந்த திடலில் கட்டடம் எழுந்துவிட்டது, விளையாட்டு வேளையைக் கணக்குப் பாடம் தின்றுவிட்டது. வீட்டில் தாயும் தந்தையும் ஒன்றரை ஷிப்ட் முடித்து வரும்போது இரவு. ஒன்றரை ஷிப்டில் வளர்ந்த பிள்ளைக்கு எந்தப் பயிற்சியாளர், எந்த முழங்கால் மருத்துவர்? ஆட்டக்காரனுக்கு ஆகும் காயத்துக்குச் சிகிச்சை உண்டு. இவன் ஊசி ஏறிய விரலுக்குத் துணிக்கட்டுதான்.

சோற்றின் வலிமையை நம் நாடு அறியாததன்று. 1920-இலேயே தியாகராயர் தலைமையிலிருந்த சென்னை மாநகராட்சி, ஆயிரம் விளக்குப் பள்ளியில் நண்பகலுணவு தந்தது. காமராசர் மாநிலமெங்கும் விரித்தார், 1982-இல் சத்துணவாயிற்று, 2022-இல் காலை உணவும் தொடங்கிற்று. ஒவ்வொரு முறையும் “வீண் செலவு” என முனகியோர் உண்டு. ஸ்வீடேயில் ஒரு சிறுவன் தின்ற ரொட்டித் துண்டு வீண் செலவா? இரண்டு உலகக் கோப்பைகளைக் கேளுங்கள்.

சோறு வந்தது, திடல் வரவில்லை. ஆதலின் இளைஞர்காள், மேடையில் முழங்கியது போதும். உங்கள் தெருவுப் பள்ளியின் மேலாண்மைக் குழு அடுத்து என்று கூடுகிறது என விசாரித்துச் செல்லுங்கள். விளையாட்டு ஆசிரியர் இருக்கிறாரா, அவர் விளையாட்டு நடத்துகிறாரா, வாக்காளர் பட்டியல் சரிபார்க்க அனுப்பப்பட்டாரா? திடலின் பரப்பு என்ன, பத்தாண்டுக்கு முன் என்ன? பந்து எத்தனை, அவை அலமாரியில் பூட்டியிருக்கின்றனவா, சாவி யாரிடம்? பெண் பிள்ளைகள் கடைசியாக எந்நாளில் ஆடினர்? விடைகளை எழுதி வாங்குங்கள். ஒரு படி நமக்கும் அனுப்புங்கள்.