எந்த நாட்டின் அணி?

பிள்ளைகள் தொலைக்காட்சிப் பெட்டியில் ஆடும் உதைபந்தாட்டத்தைப் படிப்பைக் கெடுக்கும் பீடை என்று ஒதுக்கிவிடும் பெற்றோர் பலர். ஒருமுறையேனும் அருகில் அமர்ந்து பார்க்குமாறு அவர்களை வேண்டுகிறோம்.

1990இல் வெளிவந்த ‘நின்ரெண்டோ வேர்ல்ட் கப்’ விளையாட்டையே எடுத்துக்கொள்வோம். யப்பானின் ரெக்னோஸ் நிறுவனத்தின் ஆக்கம் அது. ஐரோப்பாவில் ‘சுப்பர் மாரியோ’, ‘ரெற்றிஸ்’ ஆகியவற்றோடு ஒரே கசற்றிலும் விற்கப்பட்டது. அணிக்கு 11 பேரல்லர், 6 பேர்தான். ஆடுபவர் ஒரு வீரனை மட்டுமே இயக்கலாம். ஏனையோருக்குப் பந்தைத் தா, கோலுக்கு அடி என்று கட்டளையிடலாம். தவறாட்டத்துக்குத் தண்டனை என்பதே கிடையாது. எதிரணியினரை இடித்து வீழ்த்தலாம். பலமுறை வீழ்ந்தவன் மயங்கிக் கிடப்பான். (மைதானத்தில் இப்படிச் செய்தால் சிவப்பு அட்டைதான் என்று பிள்ளைக்குச் சொல்லிவைத்தல் நன்று.)

அணிகள் 13. அவற்றுள் இலங்கையும் இல்லை, இந்தியாவும் இல்லை. மேற்கு ஜேர்மனியும் சோவியத் ஒன்றியமும் உண்டு. அப்பெயர்களோ 1990இலும் 1991இலும் உலகப்படத்தை விட்டு நீங்கின. யப்பானியப் பதிப்பில் மோதியவை பாடசாலை அணிகளே. நாட்டுப் பெயர்கள் மேற்குலகுக்காகச் சூட்டப்பட்டவை.

ஆகவே, நம் பிள்ளை தான் வளரும் நாட்டின் அணியைத் தெரிந்தெடுத்து அதன் வெற்றிக்குத் துள்ளிக் குதித்தால், ஊரை மறந்துவிட்டான் என்று முகம் சுளிக்கத் தேவையில்லை. பக்கத்து வீட்டுப் பிள்ளையும் அதே அணியைத்தான் கேட்பான். யாருக்கு எது என்று இருவரும் வாதாடும்போது, வகுப்பில் வாய் திறக்கக் கூசும் பிள்ளையும் இந்நாட்டு மொழியில் பேசத் தொடங்கிவிடுகிறான். எந்தக் கருவியானாலும், புதிய விளையாட்டு வாங்குமுன் இரண்டாவது கொன்ட்ரோலரை வாங்கிக் கொடுங்கள்.