பூங்கா யாருக்கு?



எங்கள் தெருமுனையில் ஒரு பூங்கா இருக்கிறது. அதன் காம்பவுண்டு சுவரைக் கட்டிய கொத்தனார்களில் எங்க அப்பாவும் ஒருத்தர். உள்ளே ஊஞ்சல், சறுக்குமரம், நடுவில் ஒரு நீரூற்று (நான் பார்த்து அது ஓடியதில்லை). சாயங்காலம் போய்ப் பாருங்கள், ஊஞ்சல் பாதி நேரம் சும்மா தொங்கும். பெரியவங்க உட்கார இடமில்லாமல் நிப்பாங்க. எங்க அப்பத்தா ஒரு தடவை வந்து, சாய்மானம் இல்லாத சிமெண்டுத் திண்டில் உட்கார்ந்தது. தூக்கிவிட ரெண்டு பேர் வேண்டியிருந்தது. அதுக்கப்புறம் வரவே இல்லை.

2011 மக்கள்தொகைக் கணக்குப்படி தமிழ்நாட்டில் 60 வயதை எட்டியவர்கள் 10.4 சதவீதம். 2019-21 தேசிய குடும்பநலக் கணக்கெடுப்பில் ஒரு பெண்ணுக்குச் சராசரியாக 1.8 பிள்ளைதான். ஜனங்க மாறிட்டாங்க, பூங்கா பிளான் மட்டும் அதேதான்!

3,000 சதுர மீட்டருக்கு மேல் மனைப்பிரிவு போட்டால், சாலை போக மீதியில் 10 சதவீதம் பொதுத் திறந்தவெளிக்கு விடவேண்டும் என்று விதி இருக்கிறது. நல்ல விதிதான். ஆனால் அந்த இடத்துக்கு யார் வருவாங்க, எத்தனை மணிக்கு வருவாங்க என்று கேட்க ஆளில்லை. எங்க அம்மா பனியன் கம்பெனியிலிருந்து வீடு வர ஏழரை ஆகும். பூங்காவை எட்டு மணிக்குப் பூட்டிவிடுவார்கள்.

அப்பாவோடு சித்தாள் வேலை பார்க்கும் ஒடிசா பையன்கள் எட்டுப் பேர் ஒரே ரூமில் தங்கியிருக்கிறார்கள். ஒரு ஞாயிற்றுக்கிழமை வந்து புல்தரையில் உட்கார்ந்தவர்களை வாட்ச்மேன் எழுப்பி அனுப்பிட்டார். தெருக்காரங்க புகார் பண்ணினாங்களாம். அப்பா ஒண்ணும் பேசல, தான் கட்டின சுவரையே பார்த்துக்கிட்டு நின்னார். பக்கத்தில் நின்ற நானும் வாயைத் திறக்கவில்லை. இப்பவும் உறுத்துது.

மனசு வைத்தால் முடியாதது இல்லை. 2022 நவம்பரில் சென்னை மெரினாவில் மாற்றுத்திறனாளிகள் கடலருகே போக மரப்பாதை போட்டார்கள். அடுத்த மாதமே புயலில் உடைந்தது. விட்டுவிடாமல் சரிசெய்தார்கள்.

சர்வே பிராக்டிகலில் வருஷா வருஷம் கல்லூரி மைதானத்தையே சங்கிலி போட்டு அளக்கிறோமே, இந்தத் தடவை ஒரு வாரம் பூங்காவுக்கு வருகிற ஆட்களை எண்ணுவோம். வயசு, வந்த நேரம், எங்கே உட்கார்ந்தார்கள், ஏன் திரும்பிப் போனார்கள். எண்ணின கணக்கோடு நகராட்சிக்கு மனு கொடுப்போம். ஒரு நோட்டும் பேனாவும் போதும். பரீட்சை முடிந்த முதல் ஞாயிறு காலை ஆறு மணிக்கு நான் வாசலில் நிற்பேன். சிவிலில் யார் யார் வர்றீங்க?