தீயில் இறங்காத கிந்தன்

முட்டத்துக்கு வரும் வெளியூர் மாணவர்கள் 'அலைகள் ஓய்வதில்லை' எடுத்த இடம் எது, 'கடலோரக் கவிதைகள்' எடுத்த இடம் எது என்றுதான் முதலில் கேட்கிறார்கள். கேட்கட்டும், தப்பில்லை. ஆனால் இதே மாவட்டத்தில் பிறந்த என்.எஸ்.கிருஷ்ணனைப் பற்றி யாரும் கேட்பதில்லை. நம் தோழர்களும் கேட்பதில்லை என்பதுதான் எனக்கு வருத்தம்.

கலைவாணர் என்றதும் 'இந்தியாவின் சார்லி சாப்ளின்' என்பார்கள், இல்லையென்றால் 'அள்ளிக் கொடுத்த வள்ளல்' என்பார்கள். இந்த இரண்டு பட்டங்களும் அவர் செய்த முக்கியமான அரசியல் வேலையை மறைத்துவிட்டன. அந்த வேலையின் பெயர் 'கிந்தனார்'.

1908-இல் நாகர்கோவில் ஒழுகினசேரியில் ஒரு ஏழைக் குடும்பத்தில் பிறந்தவர் அவர். தொடக்கப் பள்ளியோடு படிப்பு நின்றது. டி.கே.எஸ். சகோதரர்களின் நாடகக் குழுவில் வளர்ந்து, 1930-களில் சினிமாவுக்கு வந்தார். 1944 இறுதியில் லட்சுமிகாந்தன் கொலை வழக்கில் எம்.கே.தியாகராஜ பாகவதருடன் கைதானார். லண்டன் பிரிவி கவுன்சில் வரை போன மேல்முறையீட்டுக்குப் பிறகு 1947-இல் விடுதலையானார். பாகவதரின் திரை வாழ்க்கை அதன்பின் எழவே இல்லை. என்.எஸ்.கே. எழுந்தார். 1949-இல் அண்ணாவின் கதையில் 'நல்லதம்பி' வந்தது. கிந்தனார் காலட்சேபம் அந்தப் படத்தில்தான் இருக்கிறது.

அதன் வீச்சு புரிய நந்தனாரைத் தெரிந்திருக்க வேண்டும். பெரியபுராணத்தின் திருநாளைப்போவார் கதையை, 19-ஆம் நூற்றாண்டில் கோபாலகிருஷ்ண பாரதி கீர்த்தனையாகப் பாடினார். நாற்பது வேலி நிலத்தை முடித்துவிட்டுச் சிதம்பரம் போ என்று சொல்லும் வேதியர் அதில்தான் வருகிறார். 1935-இல் கே.பி.சுந்தராம்பாளும் 1942-இல் தண்டபாணி தேசிகரும் சினிமாவில் நந்தனாராக நடித்தார்கள். யார் பாடினாலும் முடிவு ஒன்றுதான். கோயிலுக்குள் நுழைய நந்தன் தீயில் இறங்க வேண்டும். அவன் உடல் எரிந்தால்தான் அவர்களுக்குத் தீட்டுப் போகும்.

என்.எஸ்.கே. அதே காலட்சேப வடிவத்தையே எடுத்துக்கொண்டார். அவருடைய கிந்தன் ஆசைப்படுவது சிதம்பரத்துக்கு அல்ல, படிப்புக்கு. ஊரில் அடிபடுகிறான், ரயிலேறிப் பட்டணம் போகிறான், படித்துக் கல்வி அதிகாரியாகத் திரும்பி வருகிறான். தீயும் இல்லை, தீட்டுக் கழிப்பதும் இல்லை. சிரிப்பு யார் மேல் விழுகிறது என்று பாருங்கள். சேரிப் பையன் மேல் விழவில்லை, அவனைப் படிக்க விடாதவர்கள் மேல் விழுகிறது. இன்று வரும் எத்தனை நகைச்சுவைக் காட்சிகள் இந்தச் சோதனையில் தேறும்?

சில தோழர்கள் கேட்பார்கள்: "அவர் தலித் இல்லையே, நம் கதையை அவர் ஏன் சொல்ல வேண்டும்?" நியாயமான கேள்வி. என் விமர்சனமும் அதை ஒட்டியதுதான். கிந்தன் தனியாக ஊரைவிட்டுப் போகிறான், தனியாக ஜெயிக்கிறான். சேரி அப்படியே இருக்கிறது. வரலாறு அப்படி நடக்கவில்லை. என்.எஸ்.கே. பிறந்த காலத்தில் நாகர்கோவில் திருவிதாங்கூர் சமஸ்தானத்தில் இருந்தது. அதே சமஸ்தானத்தில், அதே காலத்தில், புலையர் பிள்ளைகளைப் பள்ளியில் சேர்க்காவிட்டால் வயலில் இறங்க மாட்டோம் என்று அய்யன்காளி வேலைநிறுத்தம் நடத்தினார். ஊரூட்டம்பலம் பள்ளிக்குப் பஞ்சமி என்ற சிறுமியை அவர் அழைத்துப் போனபோது, ஆதிக்க சாதியினர் அந்தப் பள்ளியையே கொளுத்தினார்கள். பள்ளிக் கதவைத் திறந்தது கூட்டாக நின்று போராடிய விவசாயக் கூலிகள்தான். அந்தக் கூட்டம் கிந்தனாரில் இல்லை.

அதற்காக கிந்தனாரைத் தூக்கி எறிந்துவிட முடியாது. பக்தியின் பெயரால் எரிக்கப்பட்ட ஒருவனை வெகுமக்கள் சினிமாவில் உயிரோடு பள்ளிக்கு அனுப்பிய கதை அது. புகழின் உச்சியில் இருந்த ஒரு நடிகர், சிறையிலிருந்து மீண்ட கையோடு அதைச் செய்தார். நாம் அதை வாங்கிக்கொண்டு, அதில் விட்டுப்போனதை எழுத வேண்டும்.

விட்டுப்போனது என்ன என்பதற்கு அதிக தூரம் போக வேண்டாம். நம் மாவட்ட எல்லையைத் தாண்டினால் நாங்குநேரி. 2023 ஆகஸ்டில் அங்கே ஒரு தலித் மாணவரை, கூடப் படித்த மாணவர்களே வீடு புகுந்து வெட்டினார்கள். தடுக்க வந்த தங்கைக்கும் வெட்டு. நன்றாகப் படித்ததுதான் அவர் செய்த குற்றம். அந்தக் காயங்களோடு பிளஸ் டூ தேர்வெழுதி நல்ல மதிப்பெண் வாங்கினார். அரசு அமைத்த நீதிபதி சந்துரு குழு 2024 ஜூனில் அறிக்கை கொடுத்தது. பள்ளிப் பெயர்களில் உள்ள சாதியை நீக்குவது, கையில் கட்டும் சாதிக் கயிற்றைத் தடுப்பது உட்படப் பல பரிந்துரைகள் அதில் உள்ளன.

கிந்தன் பள்ளிக்குள் வந்துவிட்டான். ஆனால் இப்போது வகுப்பறையிலேயே அரிவாள் உருவாகிறது.

மாணவர்களிடம் ஒரு வேண்டுகோள். நாகர்கோவில் மணிமேடையில் நிற்கும் கலைவாணர் சிலைக்கு மாலை போட ஆள் இருக்கிறது, நாம் போக வேண்டியதில்லை. உங்கள் விடுதியில், வாசிப்பு வட்டத்தில் 'நல்லதம்பி'யின் கிந்தனார் பகுதியைப் போட்டுப் பாருங்கள். பக்கத்திலேயே சந்துரு குழு அறிக்கையை வைத்துக்கொள்ளுங்கள். இரண்டையும் சேர்த்துப் பேசுங்கள். உங்கள் கல்லூரியில் அந்த அறிக்கையின் எந்தப் பரிந்துரையை முதலில் கேட்டு வாங்கப் போகிறீர்கள் என்று முடிவெடுத்துவிட்டுக் கலையுங்கள். அடுத்த கிந்தனை நாம்தான் எழுத வேண்டும். அவன் தனியாக ரயிலேறக் கூடாது.