மருந்தென்று பெயரிடப்பட்ட நோய்

கிளீவ்லண்டைச் சேர்ந்த அமெரிக்க றப் பாடகர் கிட் கடியின் இரண்டாவது அல்பம் ‘மான் ஒன் த மூன் II’ 2010 நவம்பரில் வெளிவந்தது. தம் உயிரைக் காத்த மருந்தென்று அதனை அவருடைய இரசிகர்கள் இன்றும் போற்றுகின்றனர். அவர்களது நன்றியுணர்வை நான் ஐயுறவில்லை. ‘மருந்து’ என்ற சொல்லையே மறுக்கிறேன். அப்பெயர் சூட்டப்பட்டதும், அதனை இடையறாது வடித்துத் தரும் கடமை பாடகர் தலையில் ஏறிவிடுகிறது.

2009இல் வந்த முதல் அல்பத்தில், பதினொரு வயதிலே தந்தையைப் புற்றுநோய்க்குப் பறிகொடுத்த ஒருவரின் தனிமை ஒலித்தது. விடிவு பற்றிய நம்பிக்கையும் உடனிருந்தது. பின்னர் புகழ் வந்தது, கொக்கேயின் வந்தது, 2010 ஜூனில் கைதும் வந்தது. ஐந்து அங்கங்களாக வகுக்கப்பட்ட இரண்டாவது அல்பத்திலே, களியாட்டத்தில் தன்னை அழித்துக்கொள்ளும் ‘மிஸ்டர் ரேஜர்’ என்ற பாத்திரம் தோன்றுகிறது. கொக்கேயின் பழக்கத்தை அந்நாளில் அவரே ஒப்புக்கொண்டிருந்தமையால், அப்பாத்திரம் எங்கிருந்து வந்ததென ஆராய வேண்டியதில்லை. சொற்கள் தீர்ந்த இடங்களில் அவர் வாய்மூடி முனகுகிறார். அல்பத்தின் மிகச் சிறந்த பகுதி அம்முனகலே என்பேன். அதனைத் தன்னிரக்கமெனத் தள்ளுவோருக்குக் காது மந்தம் போலும்.

மருந்து அருந்தியோர் நலம்பெற்றனர், வடித்தவர் என்னவானார்? 2016 ஒக்டோபரில், மனச்சோர்வும் தற்கொலை உந்துதலும் மேலிட்டுச் சிகிச்சை நிலையத்திற் சேர்ந்துள்ளதாக அவரே பகிரங்கமாக எழுதினார். கறுப்பின ஆண்கள் பலர் தம் உளத்துயர் பற்றி வாய்திறக்க அவ்வறிவித்தல் வழிசெய்தது. எந்த அல்பத்தையும்விட அதுவே அவரது பெரும்பணி எனச் சொல்லத் தோன்றுகிறது.

அதற்குப் பத்து மாதங்களின் முன், 2015 டிசெம்பரில், ‘ஸ்பீடின் புல்லற் 2 ஹெவன்’ என்ற அல்பத்தை அவர் வெளியிட்டிருந்தார். கரகரத்த கிற்றாரும் தடுமாறும் குரலுமாக, அலங்காரமற்ற வேதனை அது. கலை நேர்த்தியில் அது குறையுடையதே. அதனை மறைக்க வேண்டியதில்லை. ஆயின், 2010இன் இருளைப் பூசித்த இரசிகருட் பலர் இதனை எள்ளி நகையாடினர். பழைய கிட் கடி வேண்டும் என்றனர். துயரின் பெயரால் அன்பு செய்வதாகக் கூறியோர், அத்துயர் தமக்குப் பழகிய இராகத்தை விட்டு வந்தபோது அதனை அடையாளங் காணவில்லை. அவர்கள் திரும்பி வரவேண்டுமெனக் கேட்ட அந்தப் பழைய மனிதர், கொக்கேயினால் அழிந்துகொண்டிருந்தவர் என்பதை எண்ணிப் பார்த்தனரா?