ஸ்டூல் எங்கே, கண்ணுகளா?

பெருமாநல்லூரில் என்னிடம் படித்தவர்களில் நாலைந்து பேர் இன்று துணிக்கடை முதலாளிகள். கோபித்தாலும் பரவாயில்லை, கேட்டுவிடுகிறேன்.

1916-இல் லோயிஸ் வெபர் என்ற அமெரிக்கப் பெண்மணி 'ஷூஸ்' என்று ஓர் ஊமைப்படம் எடுத்தார். கடையில் நாளெல்லாம் நிற்கிற பெண். அவள் சம்பளத்தில்தான் வீடே சாப்பிடுகிறது. தேய்ந்துபோன ஷூவுக்குள் அட்டை வெட்டி வைத்துக்கொள்கிறாள். நம் 'அங்காடித் தெரு'வுக்கு 94 வருடம் மூத்த அக்கா!

கடை ஊழியருக்கு இருக்கை தரவேண்டும் என்று 2021-இல் தமிழ்நாட்டில் சட்டமே வந்தாயிற்று. போன வாரம் ஒரு கடைக்குப் போனேன். ஸ்டூல் இருந்தது, அதன்மேல் பனியன் பெட்டிகள். பக்கத்தில் அந்தப் புள்ள கால் மாற்றி மாற்றி நிற்கிறது. "உக்காந்தா சோம்பேறி ஆயிருவாங்க சார்" என்கிறான், கல்லாவில் உட்கார்ந்துகொண்டே! வகுப்பில் எனக்கே நாற்காலி இருந்ததடா.

பெட்டியை இறக்கி வை, சாமி.