வெளுக்கட்டும், மெதுவாக!



புது ஜீன்ஸை விட வெளுத்த ஜீன்ஸுக்குத்தான் இப்போது மவுசு. பண்டல் கடையிலோ லோரோங் கூலிட் சந்தையிலோ மலிவாக ஒரு ஜீன்ஸ், மளிகைக் கடையில் ஒரு பாட்டில் குளோராக்ஸ் என்று வாங்கி, வீட்டிலேயே வெளுத்துப் பார்க்கும் ஆசை எங்கள் சுங்கை பினாங் அடுக்குமாடி இளசுகளிடமும் இருக்கிறது. எனக்கும் பிடித்த வேலைதான். ஆனால் அவசரக்காரர்களுக்கு ஏற்ற வேலை இல்லை.

ஜீன்ஸின் நீலச் சாயம் நூலின் மேல்புறத்தில்தான் பிடித்திருக்கும். நூலின் உள்ளே வெள்ளை. அதனால்தான் போடப் போட முழங்காலில் வெளுக்கிறது. காலம் செய்வதைச் சீக்கிரம் செய்ய, தொழிற்சாலைகள் மணலைப் பீய்ச்சி அடித்தன. துருக்கியில் அந்த வேலை செய்த இளைஞர்கள் பலருக்கு மணல் தூசியால் சிலிகோசிஸ் என்ற நுரையீரல் நோய் வந்தது. 2009இல் அந்நாட்டு அரசு அந்த முறையைத் தடை செய்தது. ஒரு கால்சட்டை பழசாகத் தெரிய, ஒருவர் தன் மூச்சைக் கொடுத்திருக்கிறார்!

வீட்டில் மணல் இல்லை. ஆனால் குளோராக்ஸும் மூச்சோடு விளையாடக்கூடியதுதான். குளியலறைக் கதவைச் சாத்திக்கொண்டு செய்யாதீர்கள். காற்றோட்டமான இடம், ரப்பர் கையுறை, பிளாஸ்டிக் வாளி, குளிர்ந்த நீர் போதும். பாட்டிலில் சொன்ன அளவை மீறாமல், முதலில் தண்ணீரில் கலந்துகொண்டு, பிறகு நனைத்த ஜீன்ஸைப் போடுங்கள். ஐந்து நிமிடத்துக்கு ஒருமுறை எடுத்துப் பாருங்கள். ஈரத்தில் நிறம் அடர்த்தியாகத் தெரியும். காய்ந்தால் இன்னும் வெளுப்பாகும். அதனால் நினைத்த நிறம் வருவதற்குச் சற்று முன்பே எடுத்து நன்றாக அலசி, தனியாகத் துவையுங்கள். போதவில்லையா? இன்னொரு நாள் செய்யலாம். அதிக நேரம் ஊறினால் பருத்தி நைந்துவிடும். இழுத்தால் நீளும் ஸ்பான்டெக்ஸ் கலந்த ஜீன்ஸ் என்றால் வேண்டவே வேண்டாம்; மஞ்சளாகித் தொய்ந்துவிடும். கறுப்பு ஜீன்ஸ் பெரும்பாலும் வெள்ளையாகாது, செம்பழுப்பாகிவிடும்.

முக்கியமான ஒன்று. வெளுப்பை நிறுத்த வினிகரில் முக்கச் சொல்லும் குறிப்புகளை நம்பாதீர்கள். வினிகரோ, கழிப்பறை கழுவும் அமிலமோ குளோராக்ஸோடு சேர்ந்தால் குளோரின் வாயு கிளம்பும். அம்மோனியா உள்ள துப்புரவுத் திரவமும் ஆபத்துதான். கண் எரிந்து, தொண்டை கரித்தால் எல்லாவற்றையும் போட்டுவிட்டு முதலில் வெளியே வாருங்கள். மூச்சுத் திணறினால் 999. வீட்டில் குழந்தையோ, ஆஸ்துமா உள்ள பாட்டியோ இருந்தால் இன்னும் கவனம் தேவை. இத்தகைய நச்சு விவகாரங்களுக்கு ஆலோசனை சொல்லும் தேசிய நச்சு மையம் நம் பினாங்கில்தான், மலேசிய அறிவியல் பல்கலைக்கழகத்தில் இருக்கிறது.

பொறுமைக்குப் பாடம் வேண்டுமா? ஆயர் ஈத்தாம் சாலைப் பக்கம் போங்கள். டோபி காட் என்று இன்று சொல்லும் வண்ணான் துறையில், நம் தமிழர்கள் தலைமுறை தலைமுறையாக ஊர்த்துணியை ஆற்றில் துவைத்து வெயிலில் காயவைத்தார்கள். அந்த ஆற்று நீர்தான் கீழே நம் சுங்கை பினாங் ஆற்றில் வந்து சேர்கிறது. ஆறும் வெயிலும் அவசரப்பட்டதில்லை.

குரலை நம்பிப் பிழைக்கும் வானொலிக்காரி நான். மூச்சின் அருமை எனக்குக் கொஞ்சம் கூடுதலாகவே தெரியும். ஜீன்ஸ் பாழானால் இன்னொன்று வாங்கிக்கொள்ளலாம். நுரையீரலுக்குப் பண்டல் கடை கிடையாது!

அடுத்த வாரம் சந்திப்போம்.